எக்கிக் கொடுத்த அளவு

அடியே வாலு,

சாவி செருப்பு அலமாரியில். சாப்பாடு மூடி வைத்திருக்கிறேன், சுடவைத்துச் சாப்பிடு.

உன்னை நினைத்தாலே பற்றிக்கொண்டு வருகிறது. உன் வயசுப் பெண்களுக்கென்று நான் தொடங்கிய பிராண்டு. முதல் பன்னிரண்டு கவுனும் உன் அளவை வைத்து வெட்டியது. நேற்று போட்டோவுக்கு நீ உட்கார்ந்ததும் பக்கத் தையல் படாரென்று பிரிகிறது. அப்புறம்தான் வாயைத் திறக்கிறாய்: "அளவெடுக்கிறப்ப வயித்த எக்கிக்கிட்டு நின்னேன்க்கா."

எவளாவது நாள் முழுக்க வயிற்றை எக்கிக்கொண்டு கவுனில் உட்காருவாளா? மூன்று வாரத் தையல் பாழ். ஏன் என்று கேட்டால் கதவைச் சாத்திக்கொள்கிறாய்!

நாலு மணிக்கு டெய்லர் அக்கா வருவார். அந்தத் தப்பு அளவில் வெட்டிய பேட்டர்ன் அட்டையை அவரிடம் கொடுத்துத் தொலைக்காதே. சாயங்காலம் மறுபடி அளவெடுக்கிறேன்.

அக்கா

பி.கு.: அம்மா இப்போது போனில் சொன்னாள்: "அதுக்கு முந்தின தடவ அளவெடுத்தப்ப டேப்பப் பாத்துட்டு நீதானடி 'அடேயப்பா'ன்ன? அதுலேருந்துதான் அவ எக்கிக்கிட்டு நிக்கிறா."

சத்தியமாக எனக்கு ஞாபகம் இல்லை.

வயிறு நிறையச் சாப்பிட்டுவிட்டே வந்து நில். நீ மூச்சை விடு, நான் வாயை மூடிக்கொள்கிறேன்.