ஒடிந்த பச்சை இறகு

மார்ச் 6, 1893, திங்கள்
காரீய வெள்ளை வண்ணப்பொடி ஆலையின் மருத்துவர், காரீய நஞ்சு ஏறியதென்று சென்ற மாதம் பதினொரு பெண்களை வேலையிலிருந்து நிறுத்தியிருக்கிறார். சொன்னது அவருடைய எழுத்தர், பதிவேட்டையும் பார்த்தேன். அவர்களில் நால்வர் மறுவாரமே வேறு பெயரில் உள்ளே போய்விட்டார்கள். இதைச் சொன்னவள் அந்த நால்வரில் ஒருத்தி, செலினா. ஈறில் அந்த நஞ்சின் நீலக்கோடு. இறந்த அக்காள் ஏடாவின் பெயரில் போகிறாள்.

"செத்தும் எங்கக்கா எனக்குச் சம்பாதிச்சுப் போடுறா," என்று சிரித்தாள். பிறகு, "எம்பேரை மட்டும் பேப்பர்ல போட்டுறாதீங்க ஐயா. வேலை போச்சுன்னா புள்ளைங்களோட ஏழை விடுதிக்குத்தான் போகணும்."

வாக்குக் கொடுத்தேன்.

மார்ச் 9
கட்டுரை வந்தது. பெயர் இல்லை. அவள் தொப்பியில் குத்தியிருந்த, நடுவில் ஒடிந்த பச்சை இறகு இருந்தது. "அந்த இறகுதான்யா கட்டுரைக்கே உயிர்," என்றார் ஆசிரியர்.

மார்ச் 11
ஆலை வாசலிலேயே அவளைத் திருப்பி அனுப்பிவிட்டார்கள். அவளுடைய பக்கத்து அறை திருமதி கெரிட்டி தெருவில் என்னை நிறுத்தினாள்.

"பேரை மறைச்சீங்களே, தொப்பியை மறைக்கத் தெரியலையா? பெரிய எழுத்தாளராம்!"

முப்பது வருஷமாக எதையும் விடாமல் எழுதித்தானே பேர் வாங்கினேன். ஏன் அந்த இறகு? ஏன்?

மார்ச் 14
செலினா வீட்டுக்குப் போனேன். கதவு திறக்கவில்லை. உள்ளே குழந்தை இருமியது.

மார்ச் 20
விடியற்காலை வலிப்பு வந்து செலினா இறந்தாள். கூட இருந்தவள் கெரிட்டி. பிள்ளைகள் இரண்டும் இப்போது அவளிடம்.

ஆலை சொல்கிறது: செலினாவைப் பிப்ரவரியிலேயே நிறுத்திவிட்டோம், பிறகு வந்தது ஏடா. இருவரும் ஒருத்திதான் என்று எழுத்தில் இருப்பது என் குறிப்பேட்டில் மட்டும். அதே பக்கத்தில் அவள் சொன்ன மற்ற மூவரின் பெயர்களும்.

"கொடுத்த வாக்கை மீறினா நாளைக்கு எவன்யா உன்கிட்ட வாயைத் திறப்பான்?" — ஆசிரியர்.

"விசாரணையில உங்க குறிப்பேட்டைக் காட்டாம விட்டா அவ சும்மாவே செத்ததா எழுதிப்புடுவாங்க," என்றாள் கெரிட்டி. "ஆனா அந்த மூணு பேரைக் கேட்டுட்டுச் செய்யுங்க. போன தடவை யாரையும் கேட்கல நீங்க."

மார்ச் 21
மூவரையும் பார்த்தேன். இருவர் "காட்டுங்க" என்றார்கள். மூன்றாமவளுக்கு நான்கு பிள்ளைகள். நாளை மாலை ஆறு மணிக்கு, ஆலை விட்டதும் சொல்கிறேன் என்றாள். கதவைச் சாத்தும்போது, "வேண்டாம்னு சொன்னா திட்டுவீங்களா?" என்றாள்.

மாட்டேன் என்றேன்.

மரண விசாரணை நாளை மறுநாள், வியாழன் காலை பத்து மணிக்கு, இங்கே வழக்கம்போல தெருமுனைச் சாராயக்கடை மாடியில்.