தவிட்டுக்குப் போன பிள்ளை

உ

தூத்துக்குடி,
பங்குனி 12.

அன்பு மகன் சிவப்பிரகாசுக்கு அம்மா எழுதிக்கிடுதது. இங்கன நானும் உங்க அப்பாவும் உடம்புக்குச் சுகமாத்தான் இருக்கோம். மனசுக்குச் சுகம் இல்லை, அதுக்குக் காரணம் நீ. அங்கன நீயும் ரூத்தும் பிள்ளைகள் ரெண்டும் நல்லா இருக்கணும்னு முருகனைக் கும்பிட்டுட்டுத்தான் பேனாவை எடுத்தேன், இல்லைன்னா முதல் வரியிலயே ஏதாவது சொல்லிருவேன். போன்லயே பேசியிருப்பேன், நான் சத்தம் போட்டா சிக்னல் இல்லைம்மான்னு வச்சிருவ. தபால்ல போட்டா நீ எழுதியிருக்குற அந்தக் கப்பல் போன பிறகுதான் உனக்குக் கிடைக்கும், அதனால பக்கத்து வீட்டு பானுப்ரியா இதை போட்டோ புடிச்சு வாட்ஸ்அப்புல அனுப்புதேன்னு சொல்லியிருக்கா. அவ வாசிச்சா வாசிக்கட்டும், எனக்கு வெக்கம் இல்லை.

ரெண்டு மாசத்துக்கு ஒரு கப்பல் வார தீவுல இருந்து உன் கடுதாசி வந்து சேர அம்பது நாள் ஆச்சு. ஒன்பது பக்கம். அதுல நாலு பக்கம் அங்க உள்ள வெள்ளை ஆலாப் பறவையைப் பத்தி. கூடே கட்டாதாம், மொட்டைக் கிளையில ஒத்தை முட்டையை வச்சிட்டு அடைகாக்குமாம், குஞ்சு பொரிக்கும்போதே நகத்தோட பொரிச்சு எந்தக் காத்துலயும் கிளையைப் புடிச்சுக்கிடுமாம். அப்புறம் தென்னை மரம் ஏறுற நண்டு ஒண்ணரைப் பக்கம், அதோட கொடுக்கு இவ்வளவு அகலம்னு படம் வேற. பள்ளம் தோண்டி மக்கின இலையைப் போட்டுச் சேம்பு வளக்குறது, அந்தப் பள்ளம் ஒவ்வொரு குடும்பத்துக்கும் பரம்பரையா வாரது, தாழம்பழத்தைக் காய வச்சு மாவாக்கித் திங்குறது, நம்ம ஊருல தாழை சும்மா நிக்குதேன்னு ஒரு கேலி. நானும் சிரிச்சுக்கிட்டேதான் வாசிச்சேன். கடைசிப் பக்கத்துல நண்டுக்குக் கீழ ரெண்டு வரி. இசக்கியை ரூத்தோட அக்காவுக்குக் குடுக்கப் போறோம், ஈஸ்டர் முடிஞ்சு வார கப்பல்ல வேற தீவுக்குக் கூட்டிட்டுப் போயிருவாங்க, அவங்களுக்குப் பிள்ளை இல்லை, இங்க இது வழக்கம். ஏலே, மூணு வயசுப் பிள்ளையைப் பத்தின சேதி நண்டுக்குக் கீழயா வரணும். பெத்த அப்பன் எழுதுற கடுதாசியா இது.

உங்க அப்பா கடையில வச்சுத்தான் வாசிச்சாவ. கயிறு வாங்க வந்த போட்டுக்காரங்களை அப்படியே நிக்க வச்சிட்டு ஷட்டரை இறக்கிட்டு வீட்டுக்கு வந்துட்டாவ. பட்டப்பகல்ல அந்த ஷட்டர் இறங்கி நான் பாத்ததே இல்லை. வந்து, அவனும் தலையாட்டிட்டான் செண்பகம்னு சொன்னாவ. அன்னையில இருந்து நாலு நாளா சாப்பாடு பாதிதான்.

அந்த ஊரு வழக்கத்தை நான் குத்தம் சொல்லலை. பிள்ளையில்லாத வீட்டுல ஒரு பிள்ளை ஓடி விளையாடணும்னு நினைக்கிறது பாசந்தான், அதைப் புரிஞ்சுக்கிட முடியாதவ இல்லை நான். ஆனா போன வருசம் நான் ஆசையா அனுப்பின பனங்கொட்டையை அங்க துறைமுகத்துலயே எரிச்சுட்டாங்க, வேற ஊருக் கொட்டை இந்த மண்ணுல முளைச்சா என்ன ஆகுமோ தெரியாதும்மான்னு எனக்குப் பாடம் எடுத்த. ஒரு கொட்டையை இடம் மாத்த அத்தனை யோசனை பண்ணுதவன் பிள்ளைக்கு ஒரு நிமிசம் யோசிச்சியா. ரூத் ஒண்ணும் சொல்லலை, சாயங்காலம் ஆனா கடலைப் பாத்து உக்காந்திருக்கான்னு நீயே எழுதியிருக்க. பேசாம இருந்தா சம்மதம்னு உனக்கு யாரு சொன்னா. இதுல, நான் பெரியம்மா வீட்டுல வளரலையா, எனக்கு என்ன குறைன்னு என்னையே சாட்சிக்கு இழுத்து வச்சிருக்க. அந்த வரியிலதான் எனக்கு ஆத்திரம் தலைக்கு ஏறிச்சு.

கேட்டுக்கோ. கடையில கஷ்டம், அதனால உன்னை ஆழ்வார்திருநகரியில பெரியம்மா வீட்டுல விட்டோம்னுதானே இத்தனை நாளும் சொல்லி வச்சிருக்கோம். அது பொய். உனக்கு முன்னால ரெண்டு பிள்ளை, ரெண்டும் நாப்பது நாள் தாண்டலை. நீ பிறந்ததும், தவிட்டுக்குக் குடுத்துட்டா இதாவது தங்கும்னு சொன்னாங்க. பதினாறாம் நாள் உன்னை முறத்துல போட்டு வாசல்ல வச்சேன். உங்க பெரியம்மா அனுசியா ஒரு படி தவிட்டை என் மடியில கொட்டிட்டு, இனி இது என் பிள்ளைன்னு தூக்கிக்கிட்டா. எல்லார் வீட்டுலயும் அத்தோட முடிஞ்சிரும். வாங்கினவ அந்த நிமிசமே, எனக்காக நீ வளத்துக் குடுன்னு பெத்தவ கையில திருப்பிக் குடுத்துருவா. அக்காவும் நீட்டினா. நான்தான் வாங்கலை. என் கை பட்டா இதுவும் போயிருமோன்னு பயம். ஒரு வருசம் கழியட்டும்னேன். கழிஞ்சதும், காது குத்தி முடியட்டும்னேன். அப்புறம் உனக்கு அம்மை போட்டிருந்தது, அது இறங்கட்டும்னேன், பள்ளிக்கூடத்துல சேரட்டும்னேன். எல்லாத்துக்கும் உங்க அப்பா தலையாட்டினாவ. மாசம் ஒரு தடவை பஸ் ஏறி வந்து, நீ விளையாடுறதைப் பாத்துட்டு, உன்னைத் தூக்காமலே திரும்பி வருவேன். எட்டு வருசம்லே. உனக்கு ஒரு குறையும் இல்லைன்னா சந்தோசம், எனக்கு இருந்துச்சு.

நேத்து அனுசியாவுக்குப் போன் போட்டு உன் சேதியைச் சொன்னேன். குடுக்க வேண்டாம்னு சொல்லு செண்பகம், நான் குடுக்குறவளுக்காகச் சொல்லலை, வாங்குறவளுக்காகச் சொல்லுதேன்னா. அந்த எட்டு வருசமும் தெருவுல பஸ் சத்தம் கேட்டா அவ உன்னை இழுத்துக்கிட்டு வீட்டுக்குள்ள போயிருவாளாம், இன்னைக்குக் கூட்டிட்டுப் போக வந்துட்டாங்களோன்னு. இத்தனை வருசத்துல இதை அவ சொன்னதில்லை, நானும் கேட்டதில்லை. போனை வச்சிட்டு ரொம்ப நேரம் அழுதேன்.

ஆலாக்குஞ்சுக்கு நகம் இருக்குன்னு எழுதின. திருச்செந்தூர்ல இசக்கிக்குக் காது குத்தும்போது அவ உன் சட்டைக் காலரைப் புடிச்ச புடியில பொத்தான் பிய்ஞ்சு விழுந்துச்சு, அதை நான் எடுத்து சாமி தட்டுல வச்சிருக்கேன். அவளுக்கும் புடிக்கத் தெரியும், நீதான் கையை எடுத்து விடப் பாக்க. ரூத்தோட அக்காவை வெறுங்கையோட அனுப்பச் சொல்லலை. உங்க வீட்டுப் பக்கத்துலயே ஒரு வீடு கட்டிக் குடு, பிள்ளை ரெண்டு வீட்டுலயும் திங்கட்டும், ரெண்டு வீட்டுலயும் தூங்கட்டும். கூப்பிட்டா கேக்குற தூரத்துல இருக்கணும். முதல்ல ரூத்கிட்ட கேளு, கேட்டுட்டு அவ வாயைத் திறந்து பதில் சொல்லுற வரைக்கும் அந்த இடத்தை விட்டு எந்திரிக்காத.

இன்னும் ஒண்ணு இருக்கு. இதை உங்க அப்பாகிட்டகூட நான் பேசினதில்லை. எட்டு வயசுல உன்னை இங்க கூட்டிட்டு வந்தாவ. நீ பையைக் கட்டிப் புடிச்சுக்கிட்டு வாசல்லயே நின்னு, சித்தி, தண்ணி வேணும்னு கேட்ட. யாரும் உன்னைத் திருத்தலை. நானும் திருத்தலை. உள்ள போய்த் தண்ணி கொண்டாந்து குடுத்தேன். ரெண்டு வருசம் அப்படித்தான் கூப்பிட்ட, நானும் என்னய்யான்னு கேட்டுக்கிட்டே இருந்தேன். உனக்கு ஞாபகம் இருக்கோ என்னமோ.

திட்டினது எல்லாம் எனக்குத்தான் பாதி. நீங்க நாலு பேரும் ஒரே கூரைக்குக் கீழ நூறு வருசம் நல்லா இருக்கணும். கிணத்துத் தண்ணியைக் காய்ச்சிக் குடிங்க, மூத்தவன் பவுலுக்குத் தலையில எண்ணெய் வை. கப்பல் வந்துட்டுப் போன மறுநாள் எனக்குப் போன் பண்ணணும், மறந்துராத. நீ ஒண்ணும் சொல்ல வேண்டாம். இசக்கியை உன்னைக் கூப்பிடச் சொல்லு. என்னன்னு கூப்பிடுதான்னு நான் இங்க இருந்து கேட்டுக்கிடுதேன்.

இப்படிக்கு,
உன் அம்மா
பா. செண்பகம்