அப்பா முடி வெட்டிக்கொள்ளாத இலையுதிர்காலம்

மார்லோ கிரீக், ஒஹாயோ
நவம்பர் 27, 1921

அன்பு மகள் ஹெஸ்டருக்கு,

அம்மா எழுதுவது. ஒரு கட்டைவிரல் நீங்கலாக இங்கே அனைவரும் நலம், டென்வர் குளிரில் நீயும் நலமாக இருக்க வேண்டும். முதலில் முக்கியமான செய்தியைச் சொல்லிவிடுகிறேன். செப்டம்பரில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, ஜெபம் முடிந்து உருளைக்கிழங்கு பரிமாறிய பிறகு, உன் அப்பா முள்கரண்டியைக் கீழே வைத்து, நன்றி செலுத்தும் நாள் முடியும்வரை முடி வெட்டிக்கொள்வதில்லை என்று அறிவித்தார். முடிதிருத்துபவருக்கும் பாதிரியாருக்கும் அன்றே தகவல் போயிற்று. காரணம் உனக்குத் தெரிந்ததுதான். அவர் கல்லூரியில் ஃபுட்பால் ஆடிய காலத்தில், பந்தைக் கையில் அணைத்து ஓடுபவன்மேல் எதிரணி மொத்தமும் விழும், தலைக்கவசமோ கிடையாது, கோடையிலிருந்தே முடி வளர்த்து அந்தப் புதரை நம்பித்தான் தலையைக் கொடுப்பார்கள். புதர் தலையைக் காப்பாற்றியது, முன்பற்கள் இரண்டையும் காப்பாற்றவில்லை. அவற்றைக் கட்டிக்கொள்ளப் போன இடத்தில்தான் பல் மருத்துவம் படிக்க ஆசை வந்தது என்று, நோயாளிகளின் வாயில் பஞ்சை அடைத்துவிட்டு, இன்றைக்கும் சொல்லிக்கொண்டிருக்கிறார். இந்த வருடம் டன்பரி ஊரின் பழைய ஆட்டக்காரர்கள், பழைய விதிகளின்படி ஒரு ஆட்டம் ஆட அழைத்தார்கள். நாற்பத்தொன்பது வயதில் புதர் காதோரம் மட்டும்தான் விளையும். விளைந்தது. "கையைப் பாத்துக்கோங்க, நம்ம சாப்பாடே அதுலதான் இருக்கு" என்றேன். "அடிபடுறது தலையில எட்னா, அதுக்குத்தானே முடி" என்றார்.

நன்றி செலுத்தும் நாளான வியாழக்கிழமை நடந்த ஆட்டத்தில், பந்தை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு நன்றாகத்தான் ஓடினார். டன்பரியில் இரும்புக்கடை வைத்திருக்கும் ஆர்வில் ஸ்டாம் பின்னாலிருந்து எட்டி, அகப்பட்ட காதோர முடியைப் பிடித்தார். விதி அதை அனுமதிக்கிறதா என்று இரண்டு ஊரும் இன்னும் வாதாடுகின்றன. முடியைக் காப்பாற்ற அப்பா வலது கையைத் தூக்கினார், அதன்மேல் இரண்டு அணிகளும் விழுந்தன. தலையில் கீறல்கூட இல்லை. கட்டைவிரல் நொறுங்கிவிட்டது, எலும்பு கூடினாலும் இனி இடுக்கி பிடிக்கும் பலம் வராது என்று வைத்தியர் சொல்லிவிட்டார். மறுநாள் ஸ்டாம் தொப்பியைக் கையில் கசக்கியபடி, வீங்கிய கன்னத்தோடு வந்து நின்றார். இந்த வாரம் கடைவாய்ப் பல்லைப் பிடுங்கிக்கொள்ள அப்பாவிடம் நேரம் கேட்டு வைத்திருந்தவர் அவர். "டாக்டர், உங்க கை போச்சு, வருத்தந்தான். என் பல்லு என்ன ஆவுறது?" என்றார். பிறகு அவரே, "உங்க பொண்ணு டென்வர்ல பல்லு பிடுங்குதாமே, வரச்சொல்லுங்களேன்" என்றார். நீ பட்டத்தோடு வந்த அன்று, இந்த ஊரில் எந்த ஆணும் ஒரு பெண்ணிடம் வாயைத் திறக்க மாட்டான் என்று சொல்லி உன்னை ரயிலேற வைத்தவர் உன் அப்பா. இந்த ஊர் ஆண்கள் வாயை மூடி நான் பார்த்ததில்லை, அது வேறு விஷயம். அதே அப்பா கட்டுப்போட்ட கையால் மருந்து அலமாரியைக் காட்டி, "அவ வர்றவரைக்கும் கிராம்புத் தைலம் வெச்சுக்கோ, ஸ்டாம்" என்றார்.

வருவதும் வராததும் உன் முடிவு, ஹெஸ்டர். வருவதானால் அங்கே சொல்ல வேண்டியவர்களிடம் முறையாகச் சொல்லிவிட்டு வா. ரயிலில் கம்பளிக் காலுறையைக் கழற்றாதே. உன் இடுக்கிகளை மறக்காமல் எடுத்து வா, அப்பாவுடையவை உன் கைக்குப் பெரியவை. பக்கத்தில் நின்று யோசனை சொல்லிக்கொண்டே இருப்பார், அவர் வாயில் பஞ்சு வைக்க வழியில்லை, பொறுத்துக்கொள். கடவுள் உன்னையும் உன் இரண்டு கைகளையும் காக்கட்டும்.

உன் அம்மா,
எட்னா பர்விஸ்

பின்குறிப்பு: அப்பா நேற்று முடி வெட்டிக்கொண்டார். வாசல் பெயர்ப்பலகையை, அவர் பெயருக்குக் கீழே இன்னொரு வரி சேர்க்க, வர்ணம் பூசுபவர் எடுத்துப் போயிருக்கிறார்.