இடப்பக்கம் உட்கார்ந்திருந்தேன்

இன்று சிதம்பரம் பேருந்து நிலையத்துக்கு எதிரே டிபன் சாப்பிட உட்கார்ந்தேன். எதிர்மேசைக்காரர் தோசையில் வலப்பாதியைத் தின்றுவிட்டு மீதியை அப்படியே விட்டு எழுந்து போனார். அவருக்கு ஏதோ அவசரம். எனக்கு மட்டும் அந்தத் தட்டைத் திருப்பி வைக்கக் கை நீண்டது.

சுனாமி வந்த மறுவருடம் உங்களுக்குப் பக்கவாதம் வந்தது. இருபது வருடம் கடலூருக்கும் சிதம்பரத்துக்கும் பஸ் ஓட்டியவர் நீங்கள். மெல்ல நடக்கத் தொடங்கிய பிறகு, தட்டின் இடப்பக்கச் சோறு அப்படியே இருக்க, வயிறு நிறையச் சோறு போடுவதில்லை என்று என்னைக் கோபித்துக்கொண்டீர்கள். முகத்தில் வலப்பாதியை மட்டும் சவரம் செய்துகொண்டு மஞ்சக்குப்பம் கடைத்தெரு வரை போய்வந்தீர்கள்.

டாக்டர் என்னைத் தனியே அழைத்துச் சொன்னார்: "கண்ணுல கொறை இல்லம்மா. மூளையில வலப்பக்கம் அடிபட்டிருக்கு. இடப்பக்கம்னு ஒண்ணு இருக்கறதே ஒங்க வீட்டுக்காரருக்குத் தோணாது."

அன்றிலிருந்து பாதிச் சாப்பாட்டில் தட்டைத் திருப்பி வைத்தேன். இடப்பக்கமிருந்து நான் கூப்பிட்டால் நீங்கள் வலப்பக்கம் தேடினீர்கள். பிள்ளை இல்லாத வீட்டில் இருந்த இரண்டு பேரில் ஒருத்தி அடிக்கடி காணாமல் போனாள்.

உங்களுக்கோ உடம்பு சரியாகிவிட்டது என்ற நினைப்பு. ஒருநாள் மொபெட்டை எடுத்துப் போய், இடப்பக்கம் நின்ற தள்ளுவண்டியில் மோதி விழுந்தீர்கள். வண்டி அங்கே இல்லவே இல்லை என்று சாதித்தீர்கள். நான் சாவியை என் தம்பியிடம் கொடுத்துவிட்டேன். "என்னை ஜெயில்ல போட்டுட்ட" என்றீர்கள். பிறகு பதினோரு நாள் என்னோடு பேசவில்லை.

பன்னிரண்டாம் நாள் தம்பி வந்து உங்கள் வலப்பக்கம் உட்கார்ந்தான். நான் இடப்பக்கம், கை எட்டும் தூரத்தில் கீரை ஆய்ந்துகொண்டிருந்தேன். நான் எங்கே என்று அவனிடம் கேட்டீர்கள். அவன் என்னைப் பார்த்தான். நான் தலையசைத்துத் தடுத்தேன். களைப்பு, கொஞ்ச நேரம் இல்லாமலே இருந்துவிடலாம் என்றிருந்தது.

நீங்கள் குரலைத் தாழ்த்திக்கொண்டீர்கள். "மச்சான், அவ சாவியக் குடுத்தது சரிதான். ரோடு பாதியிலயே காணாமப் போவுது. எனக்குப் பயமா இருக்கு. அவகிட்ட சொல்லிடாத, பாவம், அவளும் பயந்துடுவா."

நான் எழுந்து அடுப்படிக்குப் போய்விட்டேன். சாயங்காலம் காப்பி வேண்டுமா என்று நானாகக் கேட்டேன். வேண்டும் என்றீர்கள். அதோடு பழையபடி பேசத் தொடங்கினோம்.

அதற்குப் பிறகு நான்கு வருடம் இருந்தீர்கள். அன்று கேட்டதை நான் யாரிடமும் சொன்னதில்லை. உங்களிடமாவது சொல்லியிருக்கலாம். இரண்டு பேரும் ஒன்றாகவே பயந்திருக்கலாம்.