ஒரு மணி முன்னால்

விக்கிரமங்கலம்,
பார்த்திப வருஷம், ஐப்பசி மாதம்,
திங்கட்கிழமை.

சென்னை ராயபுரத்தில் நாத்தனார் சிந்தாமணி வீட்டில் தங்கியிருக்கும் என் வீட்டுக்காரர் அவர்களுக்கு ரத்தினம்மாள் அநேக வணக்கத்துடன் எழுதிக்கொண்டது.

மாடு கன்றுகள் நலம். மழை விட்டுவிட்டுப் பெய்கிறது. மேலக்காட்டில் கடலை பிடுங்கியாகிவிட்டது. வெள்ளைப் பசு கிடாரிக் கன்று போட்டிருக்கிறது. நீங்கள் வேளைக்குச் சாப்பிடுகிறீர்களா, இருமல் விட்டதா என்று ஒரு வரி இல்லை. பர்மாவிலிருந்து கப்பல் வந்தது, பட்டாளத்துக்காரர்கள் இறங்கினார்கள், நம் பிள்ளை துரை அதில் இல்லை, அடுத்த கப்பலுக்கு நிற்கப் போகிறேன் என்றே எல்லாக் கடிதத்திலும் எழுதியிருக்கிறீர்கள்.

உங்கள் காலக் கழகத்துச் சங்கதியை முதலில் சொல்லிவிடுகிறேன். சண்டைக்காக என்று கடிகாரத்தில் கூட்டிய ஒரு மணியைச் சர்க்கார் இப்போது கழித்துவிட்டதல்லவா, தலைவர் இளையபெருமாளுக்குத் தலைகால் புரியவில்லை. மூன்று வருஷமாக அந்த மணியை ஒப்புக்கொள்ளாமல் சூரியனோடு நின்ற கழகம் ஜெயித்துவிட்டதாம். முற்றத்தில் நிழல் பார்க்கும் கல்கம்பத்துக்கு மாலை போட்டார்கள். கொளஞ்சியப்பனை விட்டு உச்சிப்பொழுதுச் சேகண்டியை ஏரிக்கரை வரை கேட்கும்படி அடித்தார்கள். சர்க்கரைப் பொங்கல் வைத்து எனக்கும் ஒரு இலையில் கொடுத்தனுப்பினார்கள். நான் மாட்டுக்கு வைத்துவிட்டேன். பிடுங்கிய மணியைச் சர்க்கார் திருப்பிக் கொடுத்துவிட்டது என்று இளையபெருமாள் ஊரெல்லாம் சொல்லுகிறார். கொடுத்தது உண்மையானால் அதை அந்தப் புரட்டாசிக் காலையில் கொண்டுபோய் வைக்கச் சொல்லுங்கள்.

கழகத்தின் மேல் எனக்குப் பகை இல்லை. கல்யாணமாகி வந்த நாள் முதல் உங்கள் சேகண்டியைக் கேட்டுத்தான் உலை வைத்தேன். இந்த ஊருக்கு என்று ஒரு நேரம் உண்டு, அது அழியக்கூடாது என்று நீங்கள் சொன்னபோது எனக்கும் அது நியாயமாகவே பட்டது. ஜனங்கள் எந்தெந்தப் பொழுதுக்கு என்ன பெயர் வைத்திருக்கிறார்கள் என்று ஊர் ஊராகப் போய்க் கேட்டு வந்தீர்கள். திருமானூரில் மடை மாற்றும் நேரம், சிறுவாச்சூரில் சந்தை வண்டி திரும்பும் நேரம். துரை கைக்குழந்தையாக இருந்தபோது நான் மாரில் பால் கட்டும் நேரம் என்று ஒன்று சொன்னேன். இதுவும் ஒரு கடிகாரம்தான் என்று அதையும் எழுதிக்கொண்டீர்கள். அன்றைக்கு எனக்கு எவ்வளவு பெருமை.

ஆனாலும் அந்தக் காலையை நான் இதுவரை உங்களிடம் பேசியதில்லை. இப்போது எழுதிவிடுகிறேன். பட்டாளத்து ரயில் திருச்சியிலிருந்து வடக்கே போகிறது, காலை எட்டு மணிக்கு அரியலூரில் தண்ணீர் பிடிக்க நிற்கும், நீயும் அப்பாவும் வாங்க என்று துரை ஆள் மூலம் சொல்லி அனுப்பினான். நான் பொரிவிளங்காய் உருண்டை பிடித்து, துணியில் முடிந்து வைத்திருந்தேன். கொஞ்சம் வெள்ளென கிளம்பலாமே என்றேன். காலக் கழகத்துக் காரியதரிசி வூட்டுக்காரி ரயிலுக்கு ஒரு மணி முன்னால போயி உக்காந்திருக்குறதான்னு ஊரே சிரிக்கும் என்று சொல்லி நீங்களும் சிரித்தீர்கள்.

கழக மணியோடு கால் மணி கூட்டினால் ஸ்டேஷன் மணி. அது உங்களுக்குப் பல வருஷப் பழக்கம். சர்க்கார் புதிதாகக் கூட்டிய ஒரு மணியைக் கழகம் ஏற்காது என்று அந்த வாரம்தான் தீர்மானம் போட்டிருந்தீர்கள். கழகம் ஏற்கவில்லை என்றால் ரயிலும் ஏற்காது என்று இருந்துவிட்டீர்களோ என்னவோ. வழக்கம்போல் கால் மணி மட்டும் கூட்டி வண்டி கட்டச் சொன்னீர்கள். நாம் போய் இறங்கியபோது பிளாட்பாரத்தில் ஒரு ஈ காக்கை இல்லை. வண்டி போயி ஒரு மணி ஆகப்போவுதுங்க, ஒரு பையன் மட்டும் கதவுகிட்ட நின்னு வாசலையே பார்த்துக்கிட்டு இருந்தாங்க என்று போர்ட்டர் சொன்னான். உருண்டையைப் பிரிக்காமலே வீட்டுக்குக் கொண்டுவந்தேன். எனக்கு உங்கள் மேல் கோபம் இருந்தது. இப்போதும் கொஞ்சம் இருக்கிறது.

வெள்ளிக்கிழமை அரியமுத்து வந்திருந்தான். திருமானூர்ப் பையன், துரையோடு ஒரே கம்பெனியில் இருந்தவன். கல்கத்தா வழியாக வந்தானாம், அதனால் துறைமுகத்தில் நீங்கள் அவனைப் பார்த்திருக்க முடியாது. இடது காலைச் சாய்த்துச் சாய்த்து நடக்கிறான். சோறு போட்டேன். பாதியில் கை கழுவிவிட்டுப் பேசினான். அவன் சொன்னதில் ஒரு பாதியை இதில் எழுதுகிறேன். மற்றொரு பாதியைக் காகிதத்தில் வைக்க என்னால் முடியாது.

அன்று வண்டி அரியலூரை விட்டுக் கிளம்பியதும் இவர்கள் எல்லாரும் துரையைக் கேலி செய்தார்களாம். உங்கப்பா நேரத்தையே காப்பாத்துறவருன்னியே, பெத்த புள்ளையப் பார்க்க நேரத்துக்கு வரலியேடா என்றார்களாம். அதற்கு நம் பிள்ளை என்ன சொன்னான் தெரியுமா. எங்கப்பா வருவாருடா, சரியா நேரத்துக்கு வருவாரு, இவங்கதான் முன்னாடியே வண்டிய எடுத்துட்டாங்க என்றானாம். சொல்லிவிட்டுச் சிரித்தானாம். உங்கள் மேல் அவனுக்கு ஒரு கோபமும் இல்லை. பர்மாக் காட்டில் வெயில் உச்சிக்கு ஏறும்போதெல்லாம், இன்னும் சித்த நேரத்துல எங்கூருல சேகண்டி அடிப்பாங்க என்பானாம். கடைசி வரைக்கும் அதைச் சொன்னான் என்றான் அரியமுத்து. அவன் பேசிக்கொண்டிருக்கும்போதே எனக்கு மார் வலித்தது, இத்தனை வருஷம் கழித்து.

கொளஞ்சியப்பனைக் கூப்பிட்டுச் சேகண்டி அடிக்க வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். அவன் அடிக்கும் கட்டையைக் கழற்றிக் கொண்டுவந்து என் கையில் கொடுத்துவிட்டுப் போனான்.

துரைக்கு என்று தீபாவளிக்கு அரைக்கைச் சட்டை தைத்து வைத்திருப்பதாக எழுதியிருந்தீர்கள். அதைச் சிந்தாமணி மகனுக்குக் கொடுத்துவிடுங்கள். அவனுக்குப் பெரிதாக இருந்தாலும் பரவாயில்லை, பிடித்துக்கொள்ளலாம். எனக்குப் புடவை எடுக்க வேண்டாம். துறைமுகத்துக்கு இனிமேல் போக வேண்டாம். கடற்காற்று உங்கள் மாருக்கு ஆகாது.

ஊருக்கு வந்துவிடுங்கள். எந்த ரயில், எத்தனை மணிக்கு என்று எழுத வேண்டாம், புறப்படுகிற நாளை மட்டும் எழுதுங்கள். பெரியசாமியிடம் வண்டிக்குச் சொல்லி வைத்திருக்கிறேன். அதற்கு முதல் நாளே போய், மறுநாள் விடிந்ததிலிருந்து அரியலூர் ஸ்டேஷனில் உட்கார்ந்திருப்பேன். சிரிக்கிறவர்கள் சிரிக்கட்டும். கதவுக்கிட்ட நின்று, யாராவது வந்திருக்கிறார்களா என்று என் வீட்டு மனுஷர் இன்னொருவர் தேடக்கூடாது. தனியாகத் திரும்புகிறோமே என்று தயங்க வேண்டாம். நான் நிற்கிறேன், வாருங்கள்.

இப்படிக்கு,
உங்கள் ரத்தினம்மாள்.