கப்பல் நின்ற இடம்

1987 நவம்பர் 3, செவ்வாய். பீல், சுவிஸ்
மழை. சைக்கிள் சங்கிலி கழன்று கை முழுக்க எண்ணெய். அந்தக் கையோடு மணிக்கூட்டுத் தொழிற்சாலைக்குள் விடுவார்களா? கழுவித் தோலே போயிற்று.

மாலை நூலகம். சுவரில் உலகப் படம். முந்நூறு வருடத்துக்கு முன் எங்கெங்கே யார் கவிதை பாடினார்கள் என்று நாட்டுக்கு நாடு அட்டை. பிரான்ஸில் இடமே இல்லை, அவ்வளவு நெருக்கம். பாரசீகம், யப்பான், மெக்சிக்கோவுக்குக்கூட உண்டு. எங்கள் இலங்கைத் தீவில் மட்டும் ஒல்லாந்தர், அதுதான் டச்சுக்காரர், கப்பல் படம்.

நூலக மதாமிடம் கேட்டேன். "அங்கே கவிஞர் யாரும் கிடைக்கவில்லை" என்றா. வந்ததே கோபம். எங்களிடம் அந்தாதி இருக்கிறது என்று சொல்லிவிட்டேன். ஒரு பாட்டு முடிகிற சொல்லில் அடுத்த பாட்டு தொடங்கும் என்று என் பிரெஞ்சில் விளக்குவதற்குள் வேர்த்துவிட்டது.

"சனிக்கிழமை வந்து வாசியுங்கள். பாடக்கூடாது, எல்லோருக்கும் அதே விதி. பிறகு படத்தைப் பார்ப்போம்."

நவ. 5, வியாழன்
வாங்க: வெங்காயம், சப்பாத்து நாடா, பஸ் கார்ட்.

எங்கள் கோயில் அந்தாதி. ஒல்லாந்தர் கோயிலை இடித்தபோது கதவடைத்து வீட்டுக்குள் பாடியது என்று ஊரில் சொல்வார்கள். பாடியவர் பெயர் தெரியாது. எனக்குத் தலைகீழ்ப் பாடம், ராகத்தோடு. ராகத்தை எடுத்துவிட்டால் மூன்றாம் பாட்டில் வண்டி நிற்கிறது. திரும்பத் திரும்ப அதே இடம்.

மச்சாள் தேவி சோறு வடித்தபடி: "அந்தாதியை வாசிக்கிறதோ? ஆரடி சொன்னது?"
"மதாம்."
"அவவுக்குத் தெரியாது. உனக்குமோ?"

நவ. 7, சனி, காலை
குளிர். சேலைக்கு மேல் கோட். இன்று தவறினால் கப்பல் அங்கேயேதான்.

நவ. 8, ஞாயிறு
வெயில். நேற்று நடந்தது எழுத வேண்டும்.

பிரெஞ்சுக்காரர் நீட்டி முழக்கினார். யப்பான் பெண் தொடங்கியதும் தெரியவில்லை, முடித்ததும் தெரியவில்லை. அடுத்தது நான். இரண்டு பாட்டு வாசித்தேன். மூன்றாவதில் வண்டி நின்றுவிட்டது. யாரோ இருமினார்கள். மதாம் மணிக்கூட்டைப் பார்த்தா.

என்னோடு வந்து பின்வரிசையில் இருந்த தேவி எழும்பினா. நான் விட்ட கடைசிச் சொல்லை ராகத்தோடு எடுத்தா, திருவிழாவில் ஒருவர் விட்டால் மற்றவர் எடுப்போமே, அப்படி. எனக்குத் தொண்டை திறந்தது. விதியாவது ஒன்றாவது. மாறி மாறிப் பாடினோம். கொஞ்ச நேரத்தில் முன்வரிசைக் கிழவர் ஒருவர் ஒவ்வொரு பாட்டின் கடைசிச் சொல்லையும் அடுத்த பாட்டு தொடங்கும்போது எங்களோடு சேர்ந்து சொன்னார். பிறகு முழு வரிசையும். கைதட்டல் அடங்கவில்லை.

பெருமை. எனக்குச் சரியான பெருமை. வெட்கமில்லாமல் எழுதுகிறேன்.

மதாம் வந்தா. "பாடிவிட்டீர்கள்."
"ஓம் மதாம்."
"கவிஞர் பெயர் என்ன எழுத?"
"பெயர் தெரியாது. ஊர்ச்சனம் என்று எழுதுங்கள்."

அட்டையை என்னிடமே தந்தா. தமிழில் எழுதினேன், கீழே பிரெஞ்சில். கப்பலைக் கழற்றி அட்டையைக் குத்தினா. கப்பலைக் கையில் வைத்துக்கொண்டு இனி இதை எங்கே வைக்க என்பதுபோல் நின்றா.

தேவி சொன்னா: "கடலிலை விடச் சொல்லு."

சொன்னேன். மதாம் சிரித்துக்கொண்டே குத்தினா, கரையிலிருந்து நல்ல தூரத்தில்.