சிடிக்கு வைத்த பொட்டு

3 ஜூலை 2001, செவ்வாய்

முதலியார் பட்டுக்கடைக்கு நான் எழுதிய பில் போடும் புரோகிராம் என் கம்ப்யூட்டரில் ஜோராக ஓடுகிறது. கடையில் ஓட மாட்டேன் என்கிறது. ஏதோ ஃபைல் இல்லையாம். இன்றும் பாப்பாவை இடுப்பில் வைத்துக்கொண்டு ஆட்டோவில் ஓடினேன். பாப்பா மவுஸ் வயரைக் கடித்ததுதான் மிச்சம்.

வீட்டுக்காரர் சொல்லிவிட்டார்: "ஒவ்வொரு கடைக்கும் இப்பிடி கொழந்தையத் தூக்கினு ஓடுவியா? முடியலன்னா வுட்டுடு காயத்ரி."

விடுவதா? எம்.சி.ஏ. படித்துவிட்டு?

6 ஜூலை, வெள்ளி

வழி இருக்கிறது. புரோகிராமையும் அதற்கு வேண்டிய ஃபைல்களையும் மூட்டை கட்டி ஒரே சிடியில் தந்துவிடும் டூல். சிடியைப் போட்டு ‘நெக்ஸ்ட், நெக்ஸ்ட்’ என்று அமுக்கினால் கடைக்காரரே ஏற்றிக்கொள்ளலாம். நான் போகவே வேண்டாம்!

எல்லாவற்றையும் சுலபமாக ஏற்றித் தருமாம். அதை ஏற்றத்தான் மத்தியானம் முழுக்க ஆனது.

10 ஜூலை, செவ்வாய்

மூட்டையில் பிரிண்டர் ஃபைலைச் சேர்க்காமல் விட்டிருக்கிறேன். என் கம்ப்யூட்டரில் எல்லாம் இருப்பதால் குறை தெரியவில்லை. பிரவுசிங் சென்டரில் போட்டுப் பார்த்துத்தான் கண்டுபிடித்தேன். "அக்கா, வைரஸ் ஒண்ணும் இல்லியே?" என்று அந்த ஆள் பின்னாலேயே நின்றான்.

முதலியார் ஃபோன்: "அடுத்த செவ்வா ஆடி பொறக்குதும்மா. வெள்ளிக்கெழம ஏத்திடணும். இல்லாங்காட்டி ஆவணிதான்."

13 ஜூலை, வெள்ளி

சிடியைக் கொடுத்தனுப்பிவிட்டு வீட்டிலேயே இருந்தேன். ஃபோன். "சிடிய எடுத்துக்கவே மாட்டேங்குதும்மா!" மறுபடி பாப்பா, மறுபடி ஆட்டோ.

போனால் — முதலியார் சம்சாரம் ஏலவார்குழலி அம்மா சிடியைக் காமாட்சி படத்து முன்னால் வைத்து, சந்தனம் குழைத்து, குங்குமமும் வைத்திருக்கிறார். பளபளக்கும் பக்கத்தில்!

"ஏம்மா இந்தப் பக்கம் வெச்சீங்க?"

"அந்தப் பக்கம் வெச்சா கட பேரு மறஞ்சிடாதா?"

குழாயடிக்குப் போனேன். "வெள்ளிக்கெழமையும் அதுவுமா பொட்ட அழிக்கறியேம்மா!" அழிக்காவிட்டால் ஓடாதே, நான் என்ன செய்ய? கடைசியில் பொட்டை மானிட்டர் நெற்றிக்கு மாற்றினோம். எந்தச் சாமி புண்ணியமோ, ஓடியது.

வீட்டில் அவர்: "ஆனாலும் நீ போவ வேண்டிதானே இருந்துச்சு?"

14 ஜூலை, சனி

டூலில் முதல் திரைக்குப் படம் வைக்கலாம். குங்குமத்தோடு காமாட்சி. கீழே, ‘பூஜை ஆகிவிட்டது, சிடிக்குப் பொட்டு வேண்டாம்.’ பெருமையாக அவரிடம் காட்டினேன். "சிடி ஓடுனாதானே இது தெரியும்?" என்றார்.

நான் ஒரு மண்டு. மண்டு. அந்த வரியைச் சிடி உறை மேல் அச்சடிக்கச் சொல்லிவிட்டேன்.

20 ஆகஸ்ட், திங்கள்

ஆவணி பிறந்தாயிற்று. இன்று அப்பாதுரை கடையில் சிடி ஏற்றும் நாள். புதுக் கடை. காலையிலேயே பாப்பாவுக்குச் சட்டை மாட்டி, பால் பாட்டிலைப் பையில் வைத்து, ஃபோன் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தேன். அடிக்கவில்லை. பொறுக்க முடியாமல் நானே செய்தேன்.

"என்னாச்சுங்க?"

"எது?"

"சிடி—"

"அதுவா? அப்பவே ஏத்தி, கூறப்பொடவைக்கு பில்லும் போட்டாச்சும்மா. பார்ட்டி உக்காந்துனு இருக்காங்க, வெக்கட்டா?"

வைத்தேவிட்டார். நீ வேண்டும் என்று ஒரு பேச்சுக்காவது சொல்லக் கூடாதா?

பாப்பா சட்டையைக் கழற்றினேன். அவள் தூங்கினாள். பக்கத்தில் நானும் படுத்தேன். அவள் பிறந்த பிறகு இன்றுதான் மத்தியானம் தூங்கினேன்.